பிரதம விருந்தினரின் இங்கிலிஷ்

இரண்டாயிரத்து ஒன்பதாம் ஆண்டு ஜூன் மாத முதல் ஞாயிற்றுக்கிழமைக்கென்று ஸ்காபரோவில் ஒரு மண்டபம் ஜனவரியிலேயே எடுக்கப்பட்டிருந்தது. எடுத்தது அனைத்துலகத் தமிழ் மாண்புப் பேரவையின் கனடாக் கிளை. வேறு எந்த நாட்டிலும் கிளை இல்லாதபடியால் கனடாக் கிளையே தலைமையகமாகவும் இருந்தது. விழாவின் பெயர் 'வெற்றி எழுச்சிப் பெருவிழா'. பதாகையையும் ஜனவரியிலேயே அடித்து முடித்திருந்தார்கள்.

மே மாதம் பத்தொன்பதாம் திகதிக்குப் பிறகு அந்தப் பதாகையை என்ன செய்வதென்று ஒருவருக்கும் தெரியவில்லை.

இலங்கையில் போர் முடிந்துவிட்டது என்று உலகத் தொலைக்காட்சிகள் சொல்லின. முடியவில்லை என்று ஒரு தமிழ் வானொலி சொன்னது. முடிந்ததுபோல் ஒரு தோற்றம் என்று இன்னொரு வானொலி சொன்னது. பேரவையின் செயற்குழு மூன்று தடவை கூடி, நிலைப்பாடு எடுப்பதா இல்லையா என்று ஆராய ஓர் உபகுழுவை நியமித்தது. கொடியை அரைக்கம்பத்தில் விடுவதா முழுக்கம்பத்தில் ஏற்றுவதா என்பதில் ஐந்துக்கு ஐந்து. உபதலைவர் நீக்கிலாப்பிள்ளை முக்கால் கம்பம் என்று ஒரு சமரசத்தைக் கொண்டுவந்தார். அது ஏகமனதாக நிறைவேறியது. பதாகையில் 'வெற்றி'க்கு மேல் வெள்ளைத் தாள் ஒட்டுவதென்றும் முடிவாயிற்று.

பேச்சாளர்கள்தான் பெரிய சிக்கல். ஒருவருக்குத் தொண்டை கட்டியிருந்தது. ஒருவருக்கு மொன்றியலில் கலியாணம். மைக்கைக் கண்டால் பன்னிரண்டு வருடமாக விடாத இன்னொருவர், "இப்ப மௌனம்தான் அண்ணை என்ர மொழி" என்று சொல்லி ரெலிபோனை வைத்துவிட்டார். மேடையில் ஏறினால் முடிந்ததா முடியவில்லையா என்று சொல்லியாக வேண்டும். முடிந்தது என்றால் சபையில் பாதி எழும்பிப் போகும். முடியவில்லை என்றால் மற்றப் பாதி அழும்.

இந்த நெருக்கடி நேரத்தில்தான் தலைவர் இராஜரட்ணத்தின் வீட்டு நிலவறைக் கதவைச் செலீன் தட்டினாள்.

மோர்னிங்சைட்டில் இருந்த அந்த நிலவறைக்கு 'ஆவணக் காப்பகம்' என்று பெயர்ப்பலகை உண்டு. எண்பத்தாறிலிருந்து அகதி விண்ணப்பம், குடியுரிமை, பென்சன் எல்லாவற்றுக்கும் தமிழ்ச் சனம் அங்கேதான் வரும். இராஜரட்ணம் நிரப்பிய போமைக் குடிவரவு அதிகாரிகள் எழுந்து நின்று வாசிப்பார்கள் என்று ஒரு கதை. அதைப் பரப்பியவர் யார் என்று யாரும் விசாரித்ததில்லை.

செலீனுக்கு முப்பத்தெட்டு வயது. யாழ்ப்பாணத்து மீன்பிடி ஊரான பாசையூர்க்காரி. கனடாவுக்கு வந்து நாலு வருடம். வயது போனவர்களை வீட்டுக்குப் போய்ப் பராமரிக்கும் வேலை. அவளுடைய கையில் நாலாக மடித்த ஒரு போம் இருந்தது. காணாமற்போனோரைத் தேடும் அலுவலகம் ஒன்று அதை விநியோகித்திருந்தது. போரில் தப்பியவர்களை வைத்திருந்த வவுனியா முகாம்களில் விசாரிப்பதற்கான முதல் பட்டியல் ஜூன் எட்டாம் திகதி, திங்கட்கிழமை பின்னேரம் ஐந்து மணியோடு மூடப்படும். ஆங்கிலத்தில், கறுப்பு மையில், தெளிவான எழுத்தில் நிரப்ப வேண்டும்.

"தங்கச்சி பேர்ணடெற் ஐயா. முல்லைத்தீவில கட்டினவள். அவளின்ர சத்தம் கேட்டு நாப்பத்திரண்டு நாள்."

"நாற்பத்திரண்டு," என்று திருத்தினார் இராஜரட்ணம். "அவளின்ர இல்லை, பிள்ளை. அவளுடைய."

"ஓம் ஐயா. சண்டைக்குள்ள புதுமாத்தளனில இருந்து ரெலிபோன் எடுத்தவள். நாளைக்கு எடுக்கிறன் எண்டு வைச்சவள்தான்."

"எண்டு இல்லை. என்று."

செலீன் போமை விரித்து மேசையில் வைத்தாள். இராஜரட்ணம் அதைத் தொடவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இதில ஒரு சிக்கல் இருக்குப் பிள்ளை. காணேல்லை எண்டு நாங்கள் ஒரு பெயரைக் குடுத்தால், முடிஞ்சுது எண்டு ஒப்புக்கொண்ட மாதிரி. பேரவை இன்னும் நிலைப்பாடு எடுக்கேல்லை."

தான் பேசும்போது 'எண்டு' வருவது அவருக்குக் கேட்பதில்லை.

"நான் ரெலிபோனிலயும் கேட்டுப் பாத்தனான் ஐயா. அவைக்கு இங்கிலிஷ் விளங்குதில்லை."

இந்த வசனத்தை இராஜரட்ணம் கவனிக்கவில்லை. கவனித்திருந்தால் பின்னால் வந்த வெட்கக்கேடு நடந்திராது. ஆனால் கதை விளங்குவதற்கு நாம் கவனிக்க வேண்டும்.

செலீன் கனடாவில் வந்திறங்கியபோது அவளுக்கு இங்கிலிஷில் தெரிந்தது 'தேங் யூ' மட்டும். வேலைக்கு அனுப்பிய நிறுவனம் அவளை முதன்முதலில் அனுப்பியது கிளடிஸ் என்ற கிழவியிடம். கிளடிஸுக்கு எண்பத்திரண்டு வயது. ஸ்கொட்லாந்தில், அபர்டீனுக்கு வடக்கே, புக்கன் கரையில் ஒரு மீன்பிடி ஊரில் பிறந்தவள். ஸ்காபரோவில் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் இருபத்தாறு வருடம் உருளைக்கிழங்கு அவித்தவள். வாரத்தில் மூன்று காலை செலீன் அவளைக் குளிப்பாட்டி, உடுப்பாட்டி, தேத்தண்ணி போட்டுக் கொடுப்பாள். கிளடிஸ் வாய் ஓயாமல் கதைப்பாள். செலீனுக்கு இங்கிலிஷ் வந்தது அந்த வாயிலிருந்துதான். "ஃபிட் லைக்?" என்றால் சுகமா என்று கேட்பது. எங்கே என்பதற்கு 'ஃபார்', யார் என்பதற்கு 'ஃபா'. பெடியன் 'லூன்', பெட்டை 'குவைன்'. தெரியாது என்றால் 'டின்னா கென்'.

கடைகளில் செலீன் இப்படிக் கதைத்தபோது சீனக் கடைக்காரருக்கும் பிலிப்பினோக் காசாளருக்கும் கயானா பஸ் சாரதிக்கும் விளங்கவில்லை. பாவம், வந்தேறிகள், இங்கிலிஷ் போதாது என்று செலீன் எண்ணிக்கொண்டாள். அவளுக்குத் தெரிந்த ஒரே அசல் வெள்ளைக்காரிக்கு அவள் கதைப்பது ஒரு சொல் விடாமல் விளங்கியது. பிறகு சந்தேகம் எங்கிருந்து வரும்?

தேடும் அலுவலகத்துக்கு ரெலிபோன் எடுத்தபோதுதான் கொஞ்சம் குழப்பம். "ஃபார் இஸ் மை சிஸ்ரர்?" என்று அவள் தொடங்கி ஐந்து நிமிடம் விளக்கமாகச் சொன்னாள். மறுபக்கத்தில் இருந்த பெண் மரியாதையாக, எந்த மொழியில் பேசுகிறீர்கள் என்று கேட்டாள். "இங்கிலிஷ்" என்றாள் செலீன். கொஞ்ச நேரம் இசை கேட்டது. பிறகு நோர்வே மொழிபெயர்ப்பாளர் ஒருவர் லைனுக்கு வந்தார். சமாதானம் பேச நோர்வே மறுபடியும் வந்துவிட்டதாக்கும் என்று அரை நிமிடம் நம்பிய ஒரே தமிழச்சி அந்த மாதம் செலீனாகத்தான் இருந்திருப்பாள்.

"என்ர கிளடிஸுக்கு எல்லாம் விளங்கும்," என்றாள் செலீன் இராஜரட்ணத்திடம். "அவ ஸ்கொட்லண்ட் ஆள்."

இராஜரட்ணம் கண்ணாடியைப் போட்டார்.

"கிளடிஸ் எண்டால்? குருநகர் வேதக்காரியோ?"

"இல்லை ஐயா. வெள்ளை. அசல் ஸ்கொட்லண்ட்."

அன்று பின்னேரமே இராஜரட்ணம் கிளடிஸுக்கு ரெலிபோன் எடுத்துப் பத்து நிமிடம் கதைத்தார். பிறகு நீக்கிலாப்பிள்ளைக்கு எடுத்தார்.

"பிரதம விருந்தினர் கிடைச்சிட்டார். ஸ்கொட்லாந்துப் பேராளர். தோத்தும் தங்களுக்கெண்டு பாராளுமன்றம் வைச்சிருக்கிற இனம், விளங்குதோ?"

"நல்லாப் பேசுவாவோ அண்ணை?"

"அற்புதம்! பத்து நிமிஷத்தில ஒரு சொல் விளங்கேல்லை. அந்த மாதிரி ஒராள்தான் இண்டைக்கு எங்களுக்குத் தேவை. அவ முடிஞ்சுது எண்டாளோ முடியேல்லை எண்டாளோ எண்டு ஒருதராலும் சொல்ல ஏலாது."

"சனம் மொழிபெயர்ப்புக் கேக்குமே?"

"அதை நான் எழுதிறன்."

எழுதினார். விருந்தினர் என்ன பேசுவார் என்று அவருக்கே தெரியாத நிலையில் மூன்று பக்கத்தில் செந்தமிழ் மொழிபெயர்ப்பு ஒன்று தயாரானது. அதைச் செலீனின் கையில் கொடுத்து, "அவ இடைவெளி விடேக்க ஒவ்வொரு பந்தியா வாசிச்சால் போதும். சொந்தமா ஒண்டும் சேர்க்கக் கூடாது. கூட்டம் ஒழுங்கா முடிஞ்சால் அண்டைக்கே உன்ர போமை நிரப்பித் தாறன். திங்கள் விடியக் கொண்டுபோய்க் குடு," என்றார்.

"நிலைப்பாடு ஐயா?"

"அது எனக்கும் உனக்கும் இடையில."

அவர் போமை மடித்துத் தன் தோல்பைக்குள் வைத்தார். செலீன் தலையாட்டினாள். தங்கச்சியின் பெயர் பட்டியலில் ஏற மூன்று பக்கம் வாசித்தால் போதுமென்றால், முப்பது பக்கமும் அவள் வாசிப்பாள். கிளடிஸிடம் மட்டும் இது எதையும் அவள் சொல்லவில்லை. சொந்தத் துயரம் எதையும் வாடிக்கையாளரிடம் கதைக்கக் கூடாது என்பது நிறுவனத்தின் ஏழாவது விதி.

ஞாயிறு பிற்பகல் இரண்டு மணிக்கு மண்டபத்தில் நானூறு பேர் இருந்தார்கள். கறுப்பு உடுத்து வந்தவர்களும் பட்டு உடுத்து வந்தவர்களும் ஒருவரையொருவர் பார்த்துத் தாங்கள்தான் பிழையாக உடுத்துவிட்டோமோ என்று யோசித்தார்கள். 'வெற்றி'க்கு மேல் ஒட்டிய வெள்ளைத் தாள், மேடை வெளிச்சத்தில் 'வெற்றி'யை இன்னும் துலக்கமாகக் காட்டியது. கொடி முக்கால் கம்பத்தில் நின்றபோது கயிறு சிக்கியதாக எண்ணி இரண்டு பேர் ஓடிவந்து இழுத்தார்கள். அகவணக்கம் என்று அறிவித்ததும் எல்லோரும் எழுந்தார்கள். யாருக்கு, எத்தனை நிமிடம் என்று அறிவிப்பில் இல்லை. கொஞ்சப் பேர் ஒரு நிமிடத்தில் இருந்துவிட, கொஞ்சப் பேர் நின்றுகொண்டேயிருந்தார்கள்.

கிளடிஸ் கட்டம் போட்ட கம்பளிப் பாவாடையும் காலுறையும் அணிந்து, கைத்தடியோடு மேடையில் இருந்தாள். ஆங்கில அறிவிப்பாளராக இருந்தவள் இராஜரட்ணத்தின் மகள் லக்சிகா. இங்கேயே பிறந்து பல்கலைக்கழகத்தில் படிப்பவள். இராஜரட்ணம் இருபத்திமூன்று நிமிடம் அறிமுகவுரை நிகழ்த்தினார். அதில் கிளடிஸ் வீரத்தாய், பெருமாட்டி, வடகடல் வேங்கை என்று மூன்று பட்டம் பெற்றாள். பொன்னாடை போர்த்தப்பட்டபோது, குளிருகிறதென்று நினைத்துப் போர்த்திவிட்டார்களாக்கும் என்று அதை இழுத்துக் கழுத்துவரை மூடிக்கொண்டாள்.

"ஃபிட் டே தே வான்ற், குவைன்?" என்று செலீனிடம் கேட்டாள். இவர்களுக்கு என்ன வேண்டுமாம்?

உங்கள் ஊரில் சண்டை முடிந்த கதையைச் சொல்லட்டுமாம் என்றாள் செலீன். இராஜரட்ணமும் அதைத்தான் ரெலிபோனில் கேட்டிருந்தார். அவர் எதிர்பார்த்தது வாள்களையும் மலைகளையும்.

கிளடிஸ் எழுந்து மைக்கைப் பிடித்தாள். வணக்கம் சொன்னாள். ஊரைப் பற்றி, கடலைப் பற்றி, ஹெரிங் மீன் வெட்டிய பெண்களைப் பற்றி இரண்டு நிமிடம் சொன்னாள். இடைவெளி விட்டாள்.

செலீன் தாளைப் பார்த்து வாசித்தாள்: "பனிமூடிய சிகரங்களின் பாசறையிலிருந்து உங்களை வாழ்த்த வந்துள்ளேன்."

கைதட்டல். ஹெரிங் மீன் வெட்டியதற்கு இவ்வளவு கைதட்டலா என்று கிளடிஸ் திகைத்தாள். உற்சாகமாக மேலும் பேசினாள்.

"அடிமைத்தளையை அறுத்தெறிந்த எம் முன்னோரின் குருதி," என்று வாசித்தாள் செலீன். மறுபடியும் கைதட்டல். இராஜரட்ணம் முன்வரிசையில் தலையை மெல்ல ஆட்டி, அடுத்த வரியை உதட்டுக்குள் சொல்லிக்கொண்டிருந்தார்.

பிறகு கிளடிஸ் தமையனைப் பற்றிப் பேசத் தொடங்கினாள். டொட் என்று பெயர். கண்ணிவெடி வாரும் படகில் போனவன். நாற்பத்தைந்தாம் ஆண்டு ஏப்ரலில் கடைசிக் கடிதம். மே மாதம் சண்டை முடிந்துவிட்டது. ஊரெல்லாம் மணி அடிக்க, தங்கள் தெருவில் மட்டும் கொடி கட்டுவதா வேண்டாமா என்று பெரியவர்கள் கூடிக் கதைத்தார்கள், ஏனென்றால் அந்தத் தெருவில் நாலு வீட்டுப் பெடியள் இன்னும் வரவில்லை. கூட்டம் ஒரு கிழமை நடந்தது. அம்மா ஏப்ரனைக் கழற்றிக் கதிரையில் போட்டுவிட்டு, டொட்டின் படத்தை எடுத்துக்கொண்டு, அபர்டீனில் இருந்த கடற்படை அலுவலகத்துக்கு ரயில் ஏறினாள். அங்கே அம்மாவுக்கு நடந்ததையும், அதிலிருந்து தான் அறிந்ததையும் சொன்னாள்.

கிளடிஸ் இடைவெளி விட்டாள்.

செலீன் தாளைப் பார்த்தாள். மூன்றாவது பந்தியில் வேங்கை ஒன்று பாய்ந்துகொண்டிருந்தது.  அதை அவள் வாசிக்கவில்லை. முன்வரிசையில் இருந்து இராஜரட்ணம் அந்தப் பந்தியின் முதல் சொல்லை எடுத்துக் கொடுத்தார். அவள் அவரைப் பார்த்தாள். அவருடைய மடியில் இருந்த தோல்பையைப் பார்த்தாள். போம் அதற்குள்தான் இருந்தது.

"சண்டை முடிஞ்சுது," என்றாள் செலீன்.

இராஜரட்ணம் பாதி எழும்பினார்.

"சண்டை முடிஞ்சுது எண்டு சொல்லுறா. அவவின்ர ஊரில. கொடி கட்டுறதோ இல்லையோ எண்டு பெரிய ஆக்கள் கூட்டம் வைச்சிருக்கேக்க, இவவின்ர அம்மா மகன்ர படத்தைக் கொண்டு கந்தோருக்குப் போனவவாம். கந்தோர்க்காரன் ஒழுங்கா இங்கிலிஷ் கதையடி எண்டு கலைச்சவனாம். அடுத்த நாளும் போனவவாம். அதுக்கடுத்த நாளும். முடிஞ்சால் முடிஞ்சதுதானாம். இனி ஆக்களைத் தேடுங்கோ எண்டு சொல்லுறா."

அவள் சேர்த்தது, 'தேடு' என்பதைச் சபையின் பக்கம் திருப்பிய கடைசி 'ங்கோ' மட்டும்தான்.

இராஜரட்ணம் இந்த வயதிலும் மேடைப்படியை இரண்டு இரண்டாகத் தாண்டி வந்தார். "மொழிபெயர்ப்பிலே ஒரு சிறு வழு," என்று மைக்கில் சொன்னார். கிளடிஸின் பக்கம் திரும்பி, இலங்கைக் கல்லூரி மேடைகளில் கேட்ட ஆங்கிலத்தில், பெருமாட்டி அவர்களே, போராட்டம் முடியவில்லை என்பதுதானே தங்கள் கருத்து என்று கேட்டார்.

"ஐ," என்றாள் கிளடிஸ். அவளுடைய பேச்சில் அது 'ஓம்'.

ஒரு பகுதி கைதட்டியது. நீக்கிலாப்பிள்ளை கீழேயிருந்து எழும்பி, "மேடம், முடிஞ்சுது எண்டுதானே சொல்லுறியள்?" என்று தனக்கு வந்த ஆங்கிலத்தில் கேட்டார்.

"ஐ, ஐ," என்றாள் கிளடிஸ். அவர் பாவம், களைத்துத் தெரிந்தார்.

மற்றப் பகுதி விம்மியது. முதல் பகுதி மற்றப் பகுதியைத் திட்டியது. "கிழவி சொன்னதோ, செலீன் சொன்னதோ?" என்று பின்வரிசையில் ஒருவர் கத்தினார். "ஆர் அவளை ஏத்தினது? பாசையூர்க்காரிக்கு எங்கால இங்கிலிஷ்?" என்றார் இன்னொருவர்.

"லக்சிகா!" என்று இராஜரட்ணம் மகளை அழைத்தார். "நீ சொல்லு, விருந்தினர் என்ன சொன்னவ?"

"அப்பா, ஐ கொற் லைக் த்ரீ வேர்ட்ஸ்." அவள் கைபேசியில் எதையோ தட்டிப் பார்த்துக்கொண்டிருந்தாள். "இது இங்கிலிஷே இல்லை. டோரிக் எண்டு போட்டிருக்கு. ஸ்கொட்ஸ் எண்டு ஒரு லாங்குவேஜ் இருக்கு, அதின்ர ஒரு ரீஜனல் டயலெக்ற். நோர்த்ஈஸ்ற் ஆக்கள் கதைக்கிறது."

"வட்டார வழக்கோ?" இராஜரட்ணத்தின் முகம் மாறியது. மூன்று வாரத்தில் எந்தச் செய்தியும் அவரை இவ்வளவு தாக்கவில்லை. "செந்தமிழ்ப் பேரவை மேடையில வட்டார வழக்கோ?"

"செலீன் அன்ரி, யூ ஸ்பீக் திஸ்?" என்றாள் லக்சிகா, கண் விரிய.

"நான் கதைக்கிறது இங்கிலிஷ்," என்றாள் செலீன்.

"இல்லை அன்ரி. நீங்களும் இதைத்தான் கதைக்கிறியள். ஹோலி... இட்ஸ் அமேசிங்."

செலீன் எண்ணிப் பார்த்தாள். நாலு வருடம். கடைக்காரர், பஸ் சாரதி, வங்கியில் இருந்த பெண், ரெலிபோனில் வந்த நோர்வேக்காரர் எல்லோரும் வரிசையாக வந்து அவளைப் பார்த்தார்கள். அப்படியென்றால் அலுவலகத்தில் யாருக்கும் அவள் சொன்னது விளங்கவேயில்லை. பேர்ணடெற்றின் பெயர்கூட விளங்கியிராது.

"பாத்தீங்களோ சபையோரே," என்றார் இராஜரட்ணம் மைக்கில், நிம்மதியோடு. "மொழிபெயர்ப்பாளருக்கு இங்கிலிஷே தெரியாது. ஆகவே அவர் சொன்னது எதுவும் சொல்லப்படாததாகக் கருதப்படும்."

அப்போது நாலாவது வரிசையில் இருந்து வெள்ளைச் சேலை உடுத்த ஓர் அம்மா எழுந்தார். மைக் இல்லாமலே கேட்டார்.

"பிள்ளை, உவவின்ர தமையன் கிடைச்சவரோ?"

 அந்த அம்மா உட்காராமல் நின்றார்.

செலீன் கிளடிஸிடம் கேட்டாள். இங்கிலிஷோ இங்கிலிஷ் இல்லையோ, அவளுக்கு வேறு பாஷை இல்லை. கிளடிஸ் அவளுக்கு மட்டும் சொல்வதுபோல் சொன்னாள். செலீன் சபைக்குத் திரும்பினாள்.

"கிடைச்சவனாம். பதினொரு மாதத்துக்குப் பிறகு. டென்மார்க் கரையில ஒரு கல்லறையில பேர் இருந்ததாம். அதுவரைக்கும் அவவின்ர அம்மா முன்கதவைப் பூட்டினதில்லையாம்."

அந்த அம்மா மெல்லக் கதிரையில் இருந்தார். கிழவி சொன்னதோ செலீன் சொன்னதோ என்று இந்த முறை யாரும் கத்தவில்லை.

நன்றியுரைக்கு முன் பதினைந்து நிமிடத் தேநீர் இடைவேளை அறிவிக்கப்பட்டது. படியடியில் செலீன் இராஜரட்ணத்தைப் பிடித்தாள்.

"ஐயா, போம்."

"என்ன போம்? வாக்கைக் காப்பாத்தினியோ நீ? இனிப் போமெல்லாம் செயற்குழு முடிவெடுத்த பிறகுதான்."

"நாளைக்கு அஞ்சு மணியோட மூடுறாங்கள் ஐயா."

"உணர்ச்சிவசப்படக் கூடாது பிள்ளை. வரலாறு இருக்கு."

செலீன் அவருடைய தோல்பையைத் திறந்தாள். கேட்காமல் திறந்தாள். போமை எடுத்துக்கொண்டு, வடைத் தட்டுக்குப் பக்கத்தில் கிளடிஸ் இருந்த மேசைக்குப் போனாள். கிளடிஸ் வடையின் ஓட்டைக்குள்ளால் அவளைப் பார்த்துச் சிரித்தாள். செலீன் சிரிக்கவில்லை. ஏழாவது விதியை மீறி எல்லாவற்றையும் சொன்னாள்: தங்கச்சி, மாத்தளன், நாளைக்கு எடுக்கிறன் என்ற சொல், ஐந்து மணி. கிளடிஸ் கேட்டுக்கொண்டேயிருந்தாள். வடையைத் தட்டில் வைத்தாள். கையைப் பொன்னாடையில் துடைத்தாள்.

"பேனா," என்றாள் தன் பாஷையில். "கண்ணாடி. ஏன் நீ இவ்வளவு நாளும் கேக்கேல்லை, மடச்சி?"

"உங்களுக்கு இங்கிலிஷ் எழுதத் தெரியுமோ?" இப்போது செலீனுக்கு எதிலும் நிச்சயமில்லை.

பள்ளிக்கூடத்தில் வீட்டுப் பேச்சு பேசினால் தோல்வாரால் உள்ளங்கையில் விழும் என்றாள் கிளடிஸ். கையை அடித்து அடித்து இங்கிலிஷ் பழக்கிவிட்டார்கள். வாய்க்கு எட்டவில்லை.

எழுத்து அச்சுப்போல் இருந்தது. சாய்ந்து, சுழித்து, ஓர் அடித்தல் திருத்தல் இல்லாமல். அவள் ஒவ்வொரு கட்டமாகக் கேட்டாள், செலீன் சொன்னாள். முழுப்பெயர். வயது முப்பத்திநாலு. கணவன் பெயர். அடையாளம்: இடது புருவத்தில் நண்டு கிழித்த தழும்பு. கடைசியாகக் கதைத்த நாள் ஏப்ரல் பதினெட்டு. தற்போதைய நிலை என்ற இடத்தில் மூன்று கட்டங்கள் இருந்தன. கிளடிஸ் கண்ணாடிக்கு மேலால் பார்த்தாள்.

"டின்னா கென்," என்றாள் செலீன். கிளடிஸ் மூன்றாவது கட்டத்தில் சரி போட்டாள்.

நிமிர்ந்தபோது மேசைக்கு முன்னால் வெள்ளைச் சேலை அம்மா நின்றார். அவருக்குப் பின்னால் கறுப்பும் பட்டும் கலந்து இருபது பேர். அவர்களுக்குப் பின்னால், உபதலைவர் பட்டியைக் கழற்றிச் சட்டைப்பைக்குள் திணித்தபடி நீக்கிலாப்பிள்ளை.

"பிள்ளை, என்ர மருமோனுக்கும் ஒண்டு எழுதுவாவோ எண்டு கேளுமன்," என்றார் உபதலைவர். "போமுக்குப் பிரச்சினையில்லை, வெளியில காருக்குள்ள, எங்கட கந்தோர்ப் பெட்டியில முன்னூறு கிடக்கு. ஒளிச்சு வைச்சிருந்தனாங்கள்."

ஆறாவது போமில் கிளடிஸின் கை களைத்தபோது லக்சிகா பக்கத்தில் கதிரையை இழுத்துப் போட்டு இருந்தாள். மேடையில் நன்றியுரை தொடங்கியிருந்தது. வெறும் கதிரைகளைப் பார்த்து இராஜரட்ணம் வாசித்துக்கொண்டிருந்தார். வாசிப்பதற்கிடையில் மேசைப் பக்கம் கண் போய்ப் போய் வந்தது.

"அப்பான்ர அக்கா," என்று லக்சிகா செலீனிடம் சொல்லிக்கொண்டே எழுதினாள். "ஸ்கந்தபுரம். ஏஜ்... சிக்ஸ்ரி, ஐ திங்க்."

"அறுபத்திமூண்டு," என்றது ஒலிபெருக்கி.

மண்டபம் முழுவதும் திரும்பிப் பார்த்தது. பிழையான தகவல் ஒன்று எழுத்தில் ஏறுவதை எண்பத்தாறிலிருந்து இராஜரட்ணம் பொறுத்ததில்லை.

"லாஸ்ற் கொன்ராக்ற், அப்பா?" லக்சிகா தலை நிமிராமல் கேட்டாள்.

 "மார்ச்," என்றது மைக். பிறகு, "இல்லை, ஏப்ரல் ரெண்டு." நன்றியுரையின் மிச்சத்தை அவர் வாசித்ததை யாரும் கேட்கவில்லை. வாசித்ததாகத்தான் கூட்ட அறிக்கையில் இருக்கிறது.

திங்கட்கிழமை பகல் இரண்டரை மணிக்குச் செலீன் தேடும் அலுவலகத்துக்குப் போனாள். பிளாஸ்ரிக் பையில் நாற்பத்தேழு போம்கள். மேலே பேர்ணடெற். கண்ணாடிக்குப் பின்னால் இருந்த இளைஞன் முதல் போமை எடுத்து வாசித்து, எழுத்தைப் பார்த்து வியந்து, இவ்வளவு அழகான இங்கிலிஷை இந்த வேலையில் தான் கண்டதில்லை என்றான். செலீன் பதில் சொன்னாள். அவனுக்கு விளங்கவில்லை; ஆனாலும் சிரித்தான். ஒவ்வொன்றிலும் முத்திரை குத்தி, ஒரு துண்டில் இலக்கம் எழுதிக் கொடுத்தான். ஏதாவது தெரியவந்தால் ரெலிபோனில் அழைப்போம் என்றான்.

ரெலிபோன் என்ற சொல் செலீனுக்கு விளங்கியது. அவள் தலையை ஆட்டி மறுத்தாள். கண்ணாடியில் விரலால் தட்டி, தன் நெஞ்சைக் காட்டி, கதவைக் காட்டி, மறுபடி தன் நெஞ்சைக் காட்டினாள்.

"ரெலிபோன் வேண்டாம். நான் நேரில வாறன்."

அவள் இதைத் தமிழில் சொன்னாளோ, டோரிக்கில் சொன்னாளோ, அவளுக்கே தெரியாது. இளைஞன் திரும்பிச் சுவரில் இருந்த பலகையைக் காட்டினான். எந்தெந்த நாள், எத்தனை மணியிலிருந்து எத்தனை மணிவரை. செலீன் இலக்கத் துண்டின் பின்பக்கத்தில் அதைப் பார்த்து எழுதிக்கொண்டாள். கிளடிஸின் வீட்டு வேலை பதினொன்றரைக்கு முடியும். பஸ்ஸுக்கு ஐம்பது நிமிடம். செவ்வாய் சரிவரும். வியாழனும் சரிவரும்.